நீக்கிய பகுதிகளை ஒப்படைக்கும் முறை

கிருபாகரன் ஓய்வு பெறுவதற்குச் சரியாக நாற்பத்தொரு நாள் இருக்கும்போதுதான், முப்பத்தொரு வருடமாக அவர் அரசாங்கத்தை ஏமாற்றி வந்திருக்கிறார் என்பதை அரசாங்கம் கண்டுபிடித்தது.

கண்டுபிடித்தவர் இருப்புச் சரிபார்ப்பு அலுவலர் மதிவதனி. இதற்கு முன் ஒரு பாடநூல் கிடங்கில் இருந்தவர். அங்கே பத்தாயிரம் புத்தகம் உள்ளே வந்தால் பத்தாயிரம் வெளியே போக வேண்டும். ஒன்று குறைந்தாலும் எலி தின்றதற்குச் சான்று வைக்க வேண்டும். அந்தப் பழக்கத்தோடு அம்பத்தூர் தொழிற்பேட்டையில் இருக்கும் மாநில விளக்கப்பட நிலையத்துக்கு மாற்றலாகி வந்தவர், வந்த மூன்றாம் நாளே பதிவேட்டைப் புரட்டினார். 'நீர்நிலைகள் நம் உயிர்நிலைகள்' என்ற படத்துக்குப் படப்பிடிப்பிலிருந்து வந்து சேர்ந்தது அறுபத்தொரு மணி இருபது நிமிடம். படத்தொகுப்பாளர் கிருபாகரன் திருப்பிக் கொடுத்தது இருபத்தேழு நிமிடம். மீதி அறுபது மணி ஐம்பத்துமூன்று நிமிடம் எங்கே போனது என்பதற்கு ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லை.

அடுத்த படத்தைப் பார்த்தார். அதிலும் அதே கதை. நிலையத்தின் இருநூற்றுப் பதினான்கு படங்களையும் பார்த்தார். ஒன்றில்கூட வந்த அளவு வெளியே போகவில்லை. அன்று அவருக்கு மதியச் சாப்பாடு இறங்கவில்லை என்று கேண்டீனில் பேசிக்கொண்டார்கள்.

மறுநாள் கிருபாகரன் மேசைக்குக் குறிப்பாணை வந்தது. "தங்கள் பொறுப்பில் விடப்பட்ட ஒளிப்பதிவுகளின் பெரும்பகுதியைத் தாங்கள் எவ்வித எழுத்துமூல ஆணையும் இன்றி நீக்கியுள்ளது தெரியவருகிறது. நீக்கிய பகுதிகளை ஏழு நாட்களுக்குள் ஒப்படைக்கவும். அன்றி, நீக்கியதற்கான காரணத்தை ஒவ்வொரு நீக்கத்துக்கும் தனித்தனியே விளக்கவும். தவறினால் நிலுவையின்மைச் சான்று வழங்க இயலாது."

நிலுவையின்மைச் சான்று என்பது, ஓய்வு பெறுகிறவர் அலுவலகத்துக்குத் தர வேண்டியது ஒன்றும் பாக்கி இல்லை என்று எல்லாப் பிரிவும் கையெழுத்துப் போட்டுத் தரும் தாள். அது இல்லாமல் ஓய்வூதிய ஆணை வராது. கிருபாகரன் ஏற்கெனவே பதினாறு கையெழுத்து வாங்கியிருந்தார். அதில் ஒன்று நூலகத்தின் கையெழுத்து. நிலையத்தில் நூலகத்தை மூடிப் பதினாறு வருடம் ஆகிறது. ஆனாலும் கையெழுத்துப் போடும் அதிகாரத்தை யாரும் மூடவில்லை. பாக்கி இருந்தது பதினேழாவது கையெழுத்து, இருப்புப் பிரிவு.

கிருபாகரன் யார் என்று சொல்லிவிட வேண்டும். சொல்லாவிட்டால் யாருக்கும் தெரியாது. அவர் பிழைப்பின் லட்சணமே அதுதான். ஆவடி டாங்கி ஃபேக்டரி குவார்ட்டர்ஸில் வளர்ந்தவர். படத்தொகுப்பு படித்துவிட்டு இந்த நிலையத்தில் சேர்ந்தார். அவர் என்ன வேலை பார்க்கிறார் என்பது அவருடைய மாமனாருக்குக் கடைசிவரை விளங்கவில்லை. "கேமரா புடிக்கிறவர் தெரியும், டைரக்டர் தெரியும், நடுவுல நீங்க என்ன மாப்ளே பண்றீங்க?" என்று கேட்டுக்கொண்டேதான் அவர் கண்ணை மூடினார்.

கிருபாகரன் என்ன செய்தார் என்றால், ஒரு இருட்டறையில் உட்கார்ந்து அதிகாரிகளுக்குப் பேச்சு வர வைத்தார். செயலாளர் தும்முவார், தும்மலை எடுப்பார். இயக்குநர் ஒரு திட்டத்தின் பெயரை மறந்து நாற்பது நொடி விட்டத்தைப் பார்ப்பார், விட்டத்தை எடுப்பார். "வந்து", "அதாவது", "என்ன சொல்ல வரேன்னா" எல்லாவற்றையும் எடுத்துவிட்டு மிச்சத்தை ஒட்டினால், மழை பெய்து ஓய்ந்தது மாதிரி ஒரு சொற்பொழிவு கிடைக்கும். அதைத் தொலைக்காட்சியில் பார்த்த அதிகாரிகள் தாங்கள் பிறவிப் பேச்சாளர்கள் என்று நம்பினார்கள். நம்பி, மேலும் பேசினார்கள். படத்தின் கடைசியில் 'படைப்பு: நிலையத்தார்' என்று வரும். தனிநபர் பெயர் போடக் கூடாது என்பது நிலையத்தின் விதி. இருநூற்றுப் பதினான்கு படத்திலும் கிருபாகரன் அந்த 'நிலையத்தார்' என்ற சொல்லுக்குள்தான் எங்கேயோ இருந்தார்.

குறிப்பாணையை எடுத்துக்கொண்டு மதிவதனியின் அறைக்குப் போனார்.

"மேடம், எடிட்டிங்னாலே தேவையில்லாததை எடுக்கிறதுதான்."

"தேவையில்லாததுன்னு யார் முடிவு பண்ணாங்க?"

"நான்தான்."

"உங்க கிரேடுக்கு அந்த அதிகாரம் இருக்கா? எந்த அரசாணை?" மதிவதனி கோபமாகப் பேசவில்லை. உண்மையிலேயே தெரிந்துகொள்ள விரும்பினார். "ஒரு உடைஞ்ச நாற்காலியத் தூக்கிப் போடணும்னாலே மூணு பேர் கமிட்டி உக்காரணும் சார். நீங்க ஒரு கலெக்டரையே எடுத்திருக்கீங்க."

"அவர் கொட்டாவி விட்டார் மேடம்."

"அது கலெக்டர் கொட்டாவி. அரசு ஆவணம்."

கிருபாகரன், முப்பத்தொரு வருடமாக அலுவலகத்தில் யாரிடமும் சொல்லாத ஒன்றைச் சொன்னார். எடுத்ததை எதையும் அவர் தூக்கிப் போடவில்லை. எல்லாம் இருக்கிறது. பழைய நாடாக்கள் எடிட்டிங் அறையின் இரும்பு அலமாரியில், புதியவை பதினோரு ஹார்ட் டிஸ்க்கில். அலமாரி நிரம்பிய பிறகு வந்தவை ஆவடி வீட்டுக் கட்டிலுக்கு அடியில். மனைவி லோகநாயகி பெருக்கும்போதெல்லாம் திட்டுவாள். இதைக் கலைக்காக வைத்திருந்தார் என்று யாராவது நினைத்தால் அது அவரை அதிகமாக மதிப்பது. பயத்தில் வைத்திருந்தார். என்றைக்காவது யாராவது வந்து 'மீதி எங்கே' என்று கேட்பார்கள் என்ற பயம். கேட்டுவிட்டார்கள்.

மதிவதனியின் முகம் மலர்ந்தது. "அப்ப பிரச்சினையே இல்ல சார்! கொண்டு வந்து ஒப்படைச்சிடுங்க."

பிரச்சினை அப்போதுதான் ஆரம்பித்தது. ஒப்படைத்த பகுதிகளுக்குக் கோப்பு எண் கிடையாது. கோப்பு எண் இல்லாத எதையும் இருப்பில் ஏற்க முடியாது. ஏற்காத பொருளை அலுவலகத்தில் வைத்திருக்க முடியாது. வைத்திருக்க முடியாததை வெளியே அனுப்பலாமென்றால், கோப்பு எண் இல்லாமல் வாயில் காவலர் விட மாட்டார். பத்து நாள் கடிதப் போக்குவரத்துக்குப் பின் வழி பிறந்தது. காணாமல் போனவை எல்லாம் கிடைத்துவிட்டபடியால், அவற்றை முறைப்படி அழித்துவிடலாம். முறையில்லாமல் நீக்கியதுதான் குற்றம். முறையாக அழிப்பது பணி.

நீக்கப்பகுதி அழிப்புக் குழு அமைந்தது. தலைவர், நிலையத்தின் இணை இயக்குநர் தமிழ்வாணன். குத்துவிளக்கு ஏற்றித் துவக்கிவைத்துப் பேசினார்.

"நம்ம நிலையம் இதுவரைக்கும் ஆக்கத்துல முன்னணியில இருந்துச்சு. இன்னிலேர்ந்து அழிக்கிறதுலயும் முன்னணிக்கு வரப்போவுது." கைதட்டல். "ஆனா ஒண்ணு சொல்றேன். கண்டதையும் அழிச்சிட முடியாது. அடையாளம் தெரியாத ஒண்ணை அழிக்க இந்த அரசாங்கத்துல யாருக்கும் அதிகாரம் கிடையாது. யாரு, என்னன்னு நல்லாத் தெரிஞ்சுக்கணும். தெரிஞ்சாத்தான் அழிக்க முடியும். அதுதான் ஜனநாயகம்."

விதிமுறை இதுதான். ஒவ்வொரு துண்டையும் குழு பார்க்கும். அதில் இருப்பவர் வந்து 'இது நான்தான்' என்று கையெழுத்துப் போடுவார். இறந்திருந்தால் வாரிசு போடுவார். போட்டதும் அவர் முன்னாலேயே துண்டு அழிக்கப்படும். அடையாளம் தெரியவில்லை என்றால் பத்திரமாக வைத்திருந்து ஆறு மாதம் கழித்து மறுபடியும் காட்ட வேண்டும். தெரியும்வரை இப்படியே. எல்லாத் துண்டும் ஒரே நாளில் முடியாது என்பதால், கிருபாகரனின் சான்றுக்கு முதல் தொகுதியில் இருக்கும் பன்னிரண்டு துண்டை முடித்தால் போதும் என்று மதிவதனி சலுகை காட்டினார். அந்தப் பன்னிரண்டைச் சீட்டுக் குலுக்கி எடுத்தார்கள்.

முதலில் கலெக்டர் கொட்டாவி. அவர் எப்போதோ ஓய்வு பெற்றுவிட்டார். பேரன் காரில் கொண்டுவந்து விட்டான். கொட்டாவியைப் பார்த்தார். அதில் அவருக்குத் தலைமுடி இருந்தது. "இதை வச்சிக்க முடியாதாப்பா?" என்று கேட்டார். முடியாது என்றார்கள். கையெழுத்துப் போட்டு, காபி குடித்து, கொட்டாவி அழிவதைப் பார்த்துவிட்டுப் போனார். அடுத்தது செம்பரம்பாக்கம் ஏரிக்கரையில் எடுத்தது. ஒரு ஆடு மைக்கின் மேலுறையைத் தின்கிறது. ஆட்டின் சொந்தக்காரர் யாரென்று வருவாய்த் துறைக்கு எழுதிக் கேட்டார்கள். அந்த இடத்தில் இப்போது கிடங்குதான் இருக்கிறது, ஆடு இல்லை என்று பதில் வந்தது. 'ஆடு, அடையாளம் தெரியவில்லை, ஆறு மாதம் கழித்துத் திரையிடுக' என்று மதிவதனி எழுதினார். ஆனால் அதைக் கிருபாகரன் கணக்கில் பாக்கியாகச் சேர்க்கவில்லை. விதி மனிதர்களை மட்டுமே பாக்கியாகக் கருதியது.

இப்படியே பதினொன்று முடிந்தது. பன்னிரண்டாவது, துண்டு எண் 1146. நான்கு நிமிடம் பன்னிரண்டு நொடி.

திரையில் ஒரு பட்டறை. தகடு அழுத்தும் பிரஸ் மெஷின் பக்கத்தில் முப்பது வயது ஆள் ஒருவன் நிற்கிறான். நீலச் சட்டை, காதில் பென்சில். பின்னாலிருந்து ஒரு குரல், 'பாதுகாப்பே என் பழக்கம்னு சொல்லுங்க' என்கிறது.

"இன்னா சார் சொல்லணும்? பாதுகாப்பா? இதோ இங்க கம்பிக் கூண்டு மாரி ஒண்ணு இருந்திச்சு சார். கை உள்ள போச்சின்னா மெஷினு நின்னுக்கும். அதக் கயட்டிட்டாங்கோ. அது இருந்தா ஷிப்டுக்கு எரநூறு பீஸு கொறையுதாம். சூப்பர்வைசராண்ட கேட்டேன். 'உன் கை மேல ஒனக்கு அவ்ளோ ஆசையா'ன்றாரு. ஆசதான் சார், இன்னா இப்போ? எங்க ஊட்ல அது மூணு மாசமா கீது. பொண்ணுதான்னு பந்தயம் கட்டிக்கீறேன். பொறந்தா இந்தக் கையிலதான சார் தூக்கணும்?"

சொல்லிவிட்டு இரண்டு கையையும் கேமராவுக்குக் காட்டிச் சிரிக்கிறான். சிரிக்கும்போது இடது கன்னத்தில் மட்டும் குழி விழுகிறது. அப்புறம் மெஷினைப் பற்றி, மனைவி வாந்தி எடுப்பதைப் பற்றி, அம்பத்தூர் மழைத் தண்ணீரைப் பற்றி என்று பேசிக்கொண்டே போகிறான். யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.

தமிழ்வாணன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கிருபாகரன் அவரைப் பார்க்கவில்லை. பார்க்க வேண்டிய அவசியம் இல்லை. பத்தொன்பது வருடத்துக்கு முன் தமிழ்வாணன் உதவி இயக்குநராக இருந்தபோது தொலைபேசியில் சொன்னது இன்னும் காதில் இருந்தது. "அந்தாளு நல்லாப் பேசறான்யா. தூக்கிடு." எழுத்துமூல ஆணை இல்லை. கிருபாகரன் தூக்கினார். 'பாதுகாப்பே நம் பழக்கம்' என்ற அந்தப் படத்துக்கு விருது கிடைத்தது. படம் முடிந்த ஏழாவது வாரம் அந்த நீலச் சட்டைக்காரன் நடேசனின் கை பிரஸ்ஸில் போயிற்று. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியில் ரத்தம் நிற்காமல் இறந்துபோனான். கூண்டை அவனே கழற்றிவிட்டான் என்று கம்பெனி எழுதிக்கொடுத்தது.

இரண்டு மாதம் கழித்து அவன் மனைவி சாவித்திரி, எட்டாம் மாத வயிற்றோடு நிலையத்துக்கு வந்தாள். 'கவருமெண்டு ஆளுங்க படம் புடிச்சாங்களாமே, அதுல அவரு கூண்டப் பத்திச் சொன்னாராமே' என்று கேட்டாள். "அப்படி எதுவும் எங்ககிட்ட இல்லம்மா" என்றார் தமிழ்வாணன். நான்கடி தள்ளி கிருபாகரன் கையில் டீயோடு நின்றிருந்தார். பன்னிரண்டு வருடம் ஒப்பந்தத்தில் ஓடிய பிறகு அவருக்குப் பணி நிரந்தர ஆணை வரவேண்டிய மாதம் அது. வாயைத் திறக்கவில்லை. டீயில் ஆடை படிவதைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஆணை வந்தது. சாவித்திரி பட்டரவாக்கத்தில் ஒரு பேக்கிங் கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்து எட்டே பத்து மின்சார ரயிலில் வர ஆரம்பித்ததும், கிருபாகரன் ஏழே இருபத்தைந்துக்கு மாறிக்கொண்டார். பத்தொன்பது வருடமாக முக்கால் மணி முன்னதாக அலுவலகம் வந்தார். இவருடைய கடமை உணர்ச்சியைப் பாராட்டி ஒருமுறை சான்றிதழ்கூடக் கொடுத்தார்கள்.

"இவர் யாருன்னு தெரியுமா?" என்று மதிவதனி பொதுவாகக் கேட்டார்.

தமிழ்வாணன் விட்டத்தைப் பார்த்தார். கிருபாகரனுக்கு இன்னும் ஆறு நாள் இருந்தது. பதினேழாவது கையெழுத்து அந்த மேசையில்தான் இருந்தது. "நடேசன்" என்றார். "சம்சாரம் பேரு சாவித்திரி. திருமுல்லைவாயல்ல இருக்காங்க."

"அவங்கள வரச் சொல்லி இன்னிக்கே ஓலை போடுங்க" என்றார் தமிழ்வாணன். "சீக்கிரம் முடிச்சிடுவோம். பாவம், கிருபாகரன் நிம்மதியா ரிடையர் ஆகட்டும்."

மாலை ரயிலில் கிருபாகரனுக்கு உட்கார இடம் கிடைத்தது. ஆவடி வரை நின்றுகொண்டே போனார். தன் மேல் தனக்கே அருவருப்பாக இருந்தது.

பதினோரு மணிக்கு வரச் சொன்னதற்கு சாவித்திரி ஒன்பது மணிக்கே வந்துவிட்டாள். கஞ்சி போட்ட காட்டன் புடவை. கையில் ஒரு பிளாஸ்டிக் உறை. உள்ளே இறப்புச் சான்று, திருமணப் போட்டோ, பழைய மனுக்கள். நஷ்டஈட்டு கேஸைத் திரும்ப எடுக்கிறார்கள் என்று நினைத்து வந்திருந்தாள். அது முடிந்துபோன விஷயம் என்று மதிவதனி அன்பாக எடுத்துச் சொன்னார். படம் காட்டத்தான் கூப்பிட்டோம் என்றார்.

"இருக்குதா?" என்றாள் சாவித்திரி. "இல்லன்னு சொன்னீங்களே?"

"அப்ப இல்லம்மா. இப்பக் கிடைச்சிருக்கு" என்றார் தமிழ்வாணன்.

கிருபாகரன் பொத்தானை அழுத்தினார். முப்பத்தொரு வருடத்தில் எத்தனையோ படத்தை எத்தனையோ பேருக்குப் போட்டுக் காட்டியிருக்கிறார். பார்ப்பவர்களின் முகத்தைப் பார்த்தே எந்த இடத்தில் வெட்ட வேண்டும் என்று தெரிந்துகொள்வார். அன்று சாவித்திரியின் முகத்தில் வெட்டுவதற்கு ஒரு நொடிகூட இல்லை. அவள் அழவில்லை. பென்சிலைப் பார்த்ததும் தன் காதைத் தொட்டுக்கொண்டாள். 'எங்க ஊட்ல அது' என்றபோது தலை குனிந்து, உடனே ஒன்றையும் தவறவிடக் கூடாதென்று நிமிர்ந்தாள். கைகளைக் காட்டிச் சிரித்தபோது அவள் உதடும் விரிந்தது.

நான்கு நிமிடம் பன்னிரண்டு நொடி முடிந்து திரை கறுத்தது.

"இன்னொரு தபா போடுங்க சார்."

"ஒரு சாட்சிக்கு ஒரு தடவைதாம்மா" என்று மதிவதனி விதியைக் காட்டினார். "இங்க ஒரு கையெழுத்துப் போடுங்க. இவர் உங்க கணவர்தானே?"

"ஆமான்னா இன்னா பண்ணுவீங்கோ?"

"நீங்க கையெழுத்துப் போட்டதும் இங்கயே, உங்க கண்ணு முன்னாடியே அழிச்சிடுவோம்."

சாவித்திரிக்குப் புரியச் சற்று நேரம் பிடித்தது. "எனுக்குக் குடுத்துருங்களேன். செல்லுல ஏத்திக்கினு போய்ட்றேன். யாராண்டயும் காட்ட மாட்டேன்."

தமிழ்வாணன் நாற்காலியில் முன்னே நகர்ந்தார். பேசுவதற்கு முன் அவர் எப்போதும் அப்படி நகர்வார். "அரசு சொத்தை ஒரு தனிநபருக்குக் குடுக்கிறது சட்டப்படி குத்தம்மா. உங்களுக்கு ஒண்ணு குடுத்தா, நாளைக்கு எல்லாரும் அவங்கவங்க புருஷனைக் கேப்பாங்க. ஆனா அழிக்கிறதை நீங்க நேர்ல பாக்கலாம். இந்த உரிமைய வேற எந்த இலாகாவும் பொதுமக்களுக்குக் குடுத்ததில்ல. நான் போராடி வாங்கினேன்."

"அவரு இல்லன்னு சொன்னா?"

"இல்லன்னா பத்திரமா வச்சிருந்து, ஆறு மாசம் கழிச்சு உங்களுக்கு மறுபடி போட்டுக் காட்டணும். தெரியறவரைக்கும் அப்படித்தான்" என்று மதிவதனி முழு விதியையும் வாசித்தார். ஒரு சொல்லையும் விடவில்லை. விடும் பழக்கம் அவருக்குக் கிடையாது.

சாவித்திரி பிளாஸ்டிக் உறையை மடியில் வைத்து நீவிக்கொண்டே இருந்தாள். பிறகு தலையைத் திருப்பிக் கிருபாகரனைப் பார்த்தாள்.

"இந்த சார எனுக்குத் தெரியும். நான் அன்னிக்கு வந்தப்போ அங்க டீ குட்ச்சிகினு நின்னாரு."

கிருபாகரனுக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

"ஆனா படத்துல கீறாரே, இவரத் தெரியாது" என்றாள். "என் ஊட்டுக்காரர் இல்ல சார் இவரு."

"என்னம்மா சொல்றீங்க? நல்லாப் பாருங்க!"

"நல்லாப் பாக்கலாம்னுதான் இன்னொரு தபா போடச் சொன்னேன். ஒரே தபாதான்னீங்கோ. ஒரு தபாவுல இன்னா தெரியும்?"

தமிழ்வாணன் கிருபாகரன் பக்கம் திரும்பினார். குரலில் தேன் வழிந்தது. "கிருபா, நீங்கதான பேர் சொன்னீங்க. நீங்க உறுதியா சொல்லுங்க, அவங்களுக்கும் ஞாபகம் வந்துரும். உங்க பேப்பர் இங்கயே இருக்கு. மதிவதனி மேடம் பேனாவும் கையில வச்சிருக்காங்க."

உண்மைதான். பேனாவின் மூடி கழன்றிருந்தது. பதினேழாவது கட்டம் வெள்ளையாகத் திறந்து கிடந்தது. கிருபாகரன் அதைப் பார்த்தார். வீட்டில் லோகநாயகி கட்டிலை நகர்த்தி, டிஸ்க் எல்லாம் போன இடத்தைக் கழுவிவிட்டு, ஓய்வுக்குப் பிறகு எங்கே போவது என்று பட்டியல் போட்டு வைத்திருந்தாள்.

"நான் சொன்னது தப்பா இருக்கலாம் சார்" என்றார். "முப்பத்தொரு வருஷமா எத்தனையோ மூஞ்சி பாத்துட்டேன். இது யாருன்னு எனக்குத் தெரியல."

"கிருபாகரன்! பென்ஷன் நிக்கும்."

"நிக்கட்டும் சார்."

நிலையத்தில் சேர்ந்த நாளிலிருந்து, வெட்டச் சொன்ன ஒன்றை அவர் வெட்டாமல் விட்டது அதுதான் முதல் தடவை. அதுவும் ஓய்வு பெற மூன்று நாள் இருக்கும்போது. இதைத் துணிச்சல் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பத்தொன்பது வருடம் தாமதமாக வந்த ரயிலை யாரும் பாராட்டுவதில்லை. ஆனாலும் வந்தது.

மூன்று நாள் கழித்துப் பிரிவுபசார விழா நடந்தது. "எதையும் வீணாக்காதவர் கிருபாகரன்" என்று தமிழ்வாணன் நாற்பத்தைந்து நிமிடம் பேசினார். நேரமாகிவிட்டபடியால் கிருபாகரனின் ஏற்புரையை நீக்கிவிட்டார்கள். சால்வையோடு வீட்டுக்குப் போனவரிடம் லோகநாயகி, "பதினேழாவது?" என்றாள். நடந்ததைச் சொன்னார். "பட்டியல்ல முதல்ல ராமேஸ்வரம் போட்டிருந்தேன். அது அங்கயேதான் இருக்கும்" என்று சொல்லிவிட்டு உலை வைக்கப் போனாள்.

ஆறு மாதம் போயிற்று. தமிழ்வாணன் இயக்குநராகிவிட்டார். அவர் படத்தைச் சுவரில் பெரிதாக மாட்டியிருந்தார்கள். நிலையத்தின் பழைய கணினியை இயக்கத் தெரிந்த வேறு ஆள் இல்லாததால் கிருபாகரனை வரச் சொல்லி ஆள் அனுப்பினார்கள். வாயிலில் கையெழுத்து வாங்கிக்கொண்டு 'பார்வையாளர்' அட்டையைக் கழுத்தில் மாட்டிவிட்டார்கள். அவர் எட்டே பத்து ரயிலில் வந்திருந்தார். அதே பெட்டியில் சாவித்திரியும் வந்தாள். பேசிக்கொள்ளவில்லை. பட்டரவாக்கத்தில் இறங்கி, முன்னும் பின்னுமாக நடந்து வந்தார்கள். சாவித்திரியோடு கல்லூரிப் பை மாட்டிய ஒரு பெண் இருந்தாள்.

"இது யாரு?" என்றார் மதிவதனி.

"என் பொண்ணு மேடம், ஜோதிகா. எனுக்குத்தான் கண்ணு சரியாத் தெரியல. சின்னப் புள்ளைக்காச்சும் தெரியுமான்னு இட்டாந்தேன். தொணைக்கு ஆளு கூட்டியாரலாம்னு உங்க சட்டத்துல கீதாமே."

இருந்தது. மதிவதனி பக்கத்தைப் புரட்டி உறுதி செய்துகொண்டார்.

கிருபாகரன் பொத்தானை அழுத்தினார். நீலச் சட்டை. காதில் பென்சில். 'பொண்ணுதான்னு பந்தயம் கட்டிக்கீறேன். பொறந்தா இந்தக் கையிலதான சார் தூக்கணும்?' இரண்டு கையும் திரை முழுக்க வந்தன. ஜோதிகா தன்னை அறியாமல் சிரித்துவிட்டாள். அவள் இடது கன்னத்தில் குழி விழுந்தது.

மதிவதனி திரையைப் பார்த்தார். அந்தப் பெண்ணைப் பார்த்தார். மறுபடி திரையைப் பார்த்தார். எழுதத் தூக்கிய பேனா அந்தரத்தில் அப்படியே நின்றது. எலி தின்றதற்கும் சான்று கேட்டவர் அவர். கண்ணில் படாமல் போயிருக்க வாய்ப்பே இல்லை.

படம் முடிந்தது.

"தெரியுதாம்மா?" என்று கேட்டார்.

ஜோதிகா முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "சரியாத் தெரியல மேடம். எங்கயோ பாத்த மாரி கீது."

மதிவதனி விதிப் புத்தகத்தைத் திரும்ப எடுத்து, அதே பக்கத்தை நிதானமாகப் படித்தார். "சாட்சி ரெண்டு பேர் வந்திருக்காங்க" என்று பொதுவாகச் சொன்னார். "ஆளுக்கு ஒரு தடவைன்னுதான் இருக்கு. இன்னொரு தடவை போடுங்க சார்."

கிருபாகரன் முதலிலிருந்து போட்டார்.

முடிந்ததும் 'அடையாளம் தெரியவில்லை' என்று எழுதி, அடுத்து வரவேண்டிய தேதியைக் குறித்துச் சீட்டுக் கொடுத்தார்கள். பதினேழாவது கட்டம் வெள்ளையாகவே இருந்தது. சாவித்திரி சீட்டைப் பிளாஸ்டிக் உறைக்குள், திருமணப் போட்டோவுக்குப் பின்னால் செருகினாள்.

"அடுத்த தபா இவளோட சித்தப்பாவக் கூட்டியாறேன் மேடம்" என்றாள். "அவருக்கும் தெரியாது."